பத்து வருஷமாக ஏறாத இ.எம்.ஐ.

எங்கள் வீட்டுக் கடனுக்கு மாதம் பதினாறாயிரத்து எழுநூற்று எழுபத்தெட்டு ரூபாய். ஐந்தாம் தேதி காலையில், பணம் போய்விட்டது என்று போனில் செய்தி வரும். பத்து வருஷத்தில் அந்தத் தொகை ஒரு ரூபாய்கூட ஏறியதில்லை. என் கணவருக்கு இதில் இருந்த பெருமை கொஞ்சநஞ்சமல்ல. வட்டி ஏறுகிறது என்று டிவியில் சொன்னால் மறுநாள் கம்பெனி பஸ்ஸில் ஆளாளுக்குப் புலம்புவார்களாம். ஒருவருக்கு ஆயிரம் கூடியிருக்கும், இன்னொருவருக்கு ஆயிரத்து ஐந்நூறு. இவர் மட்டும் ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டு, "நம்முளுது கல்லுல செதுக்கின இ.எம்.ஐ.ப்பா" என்பாராம். வீட்டுக்கு வந்து அதை என்னிடமும் ஒரு தரம் சொல்லிக் காட்டுவார். நானும் சிரிப்பேன். அவர் சந்தோஷப்படுவதற்கு வேறு என்னதான் இருந்தது?

அவருக்கு நாற்பத்தெட்டு வயது. ஓசூர் சிப்காட்டில் ஒரு கம்பெனியில் பிரஸ் ஷாப்பில் வேலை. தகட்டை அடித்து வளைக்கிற பெரிய மெஷின்களின் நடுவில் இருபத்திரண்டு வருஷம். இடது காது பாதிதான் கேட்கிறது. ஒரு வாரம் சி ஷிஃப்ட், அடுத்த வாரம் பி, அதற்கடுத்த வாரம் ஏ. சி ஷிஃப்ட் என்றால் இரவு முழுக்க வேலை. காலையில் வந்து படுத்தாலும் தூக்கம் பிடிக்காது. பக்கத்து வீட்டுக்குத் தண்ணீர் டேங்கர் வந்து, அந்தம்மா கன்னடத்தில் டிரைவரைத் திட்டத் தொடங்கினால் எழுந்து உட்கார்ந்துவிடுவார். இடது காதை மேலே வைத்துப் படுங்கள் என்று நான்தான் சொல்லிக்கொடுத்தேன். அதிலிருந்து கொஞ்சம் பரவாயில்லை.

நான் வேறொரு கம்பெனியில் காண்ட்ராக்டில் இருக்கிறேன். இன்ஸ்பெக்‌ஷன் வேலை. இரும்புப் பாகங்களில் போட்ட துளை சரியான அளவில் இருக்கிறதா என்று பார்க்க எங்களிடம் ஒரு கேஜ் உண்டு. விரல் நீளத்தில் ஒரு கம்பி, அதற்கு இரண்டு முனை. ஒரு முனை துளைக்குள் போக வேண்டும், மற்ற முனை போகக் கூடாது. முதல் முனை போகாவிட்டால் துளை சின்னது. இரண்டாவது முனையும் போய்விட்டால் துளை பெரியது. இரண்டையும் போட்டுப் பார்த்த பிறகுதான் பீஸ் பாஸ். லாரி வாசலில் நிற்கும் அவசரத்தில் புதுப் பெண்கள் முதல் முனையை மட்டும் போட்டுப் பார்த்துத் தள்ளிவிடுவார்கள். உள்ளே போய்விட்டதே, அப்புறம் என்ன என்கிற நினைப்பு. எனக்கு வரும் கோபத்துக்கு அளவே கிடையாது. "ஒரு பக்கம் பாத்து ஓகே போட்டா இன்னொரு பக்கத்த யாரு பாப்பா, உங்க மாமியாளா?" என்று லைன் முழுக்கக் கேட்கிற மாதிரி கத்துவேன். அவர்கள் எனக்கு வைத்திருக்கும் பட்டப்பெயர் எனக்குத் தெரியும். அதை இங்கே எழுதப்போவதில்லை.

பாகலூர் ரோட்டில் இருந்து உள்ளே தள்ளி ஒரு லே-அவுட்டில் எங்கள் வீடு. ஒரு ஹால், ஒரு பெட்ரூம், ஒரு சமையலறை. பிற்பாடு மேலே ஒரு ரூம் எடுக்கலாம் என்று தூண் கம்பிகளை மொட்டை மாடியில் அப்படியே விட்டு வைத்தோம். துருப் பிடிக்காமலிருக்க இவர் அவற்றின் தலையில் தண்ணீர் பாட்டில்களைக் கவிழ்த்து வைத்தார். பாட்டில்கள் வெயிலில் பொடிந்து போய்விட்டன, கம்பிகள் நிற்கின்றன. கடன் வாங்கியபோது அவருக்கு முப்பத்தெட்டு. இருபது வருஷக் கடன், ஐம்பத்தெட்டில் ரிட்டயர்மென்ட். கடைசித் தவணை கட்டுகிற மாதமே கம்பெனி மாலை போட்டு அனுப்பிவிடும் என்று கணக்குப் போட்டுத்தான் கையெழுத்து வைத்தோம். வீட்டைக் கட்டிப் பார் என்று சொல்லிவைத்தவர்கள், கட்டி முடித்த பிறகு எதைப் பார்க்க வேண்டும் என்று சொல்லாமல் போய்விட்டார்கள்.

இந்த வருஷம் அவருடைய கம்பெனியில் விருப்ப ஓய்வுக்கு ஃபார்ம் கொடுத்தார்கள். வி.ஆர்.எஸ். கையெழுத்துப் போட்டால் இவருக்குப் பதினாறு லட்சம் வரும். வெள்ளிக்கிழமைக்குள் கொடுத்துவிட வேண்டும். சி ஷிஃப்ட் முடிந்து ஃபார்மோடு வந்த ஞாயிற்றுக்கிழமை காலை அவர் முகத்தை நான் பார்த்திருக்க வேண்டும் என்று நினைக்கிறேன். நான் சட்னி அரைத்துக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து குரல் மட்டும் வந்தது.

"இருபது வருசத்துல பாதி ஓடிப்போச்சு. பதினெட்டு லட்சத்துல ஒம்போதுதான் பாக்கி இருக்கும். அத மொத்தமா கட்டி முடிச்சிட்டா ஏழு லட்சம் மிச்சம். பாப்பா காலேஜுக்கு நாலு, மேல ரூம் போட மூணு. ரூம வாடகைக்கு வுட்டுட்டு நான் எங்கனா பகல் வேலையா பாத்துக்கறன். மொத வேலையா அந்த நாலு நாப்பது அலாரத்த அழிக்கணும்."

ஏ ஷிஃப்ட் வாரத்தில் ஐந்து இருபதுக்குக் கம்பெனி பஸ். அதற்காக நாலு நாற்பதுக்கு அடிக்கும் அலாரம் அது. எங்கள் கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே அந்த நேரத்தில் ஏதோ ஒன்று அவரை எழுப்பிக்கொண்டிருக்கிறது. எனக்குக் கணக்கு சரியாகத்தான் பட்டது, எங்கள் பெண்ணின் காலேஜ் உட்பட. பாதி வருஷம் என்றால் பாதிக் கடன். ஆறாம் வகுப்புப் பிள்ளைகூட அப்படித்தானே சொல்லும்?

அந்த வாரம் அவருக்கு பி ஷிஃப்ட். மத்தியானம் போய் ராத்திரி திரும்புவார். அதனால் கடனை முடிக்க எவ்வளவு ஆகும் என்று கேட்டு வரும் வேலை என்னுடையதாயிற்று. கடனில் என் பெயரும் உண்டு. வியாழக்கிழமை அரை நாள் லீவு சொல்லிவிட்டுக் கடன் கம்பெனியின் மாடிப்படி ஏறினேன்.

கவுன்டரில் இருந்த பெண்ணுக்குத் தெற்கத்திப் பேச்சு. மரியாதையாகத்தான் பேசியது. கம்ப்யூட்டரில் எண்ணைத் தட்டிவிட்டு, "பதிமூணு லட்சத்துத் தொண்ணூத்தேழாயிரம் மேடம்" என்றது.

"வேற யாருதோ பாத்துட்டீங்க. பத்து வருசம் கட்டியாச்சுங்க. பாதி போயிருக்கணும்."

அந்தப் பெண் திரையை என் பக்கம் திருப்பியது. பெயர் எங்களுடையதுதான். "நீங்க இதுவரைக்கும் இருபது லட்சத்துக்கு மேல கட்டியிருக்கீங்க மேடம். ஆனா அசலுக்குப் போனது நாலு லட்சம்தான். ஆரம்பத்துல வட்டிதான் நிறைய போகும்." முதல் மாதத்தைக் காட்டியது. பதினாறாயிரத்து எழுநூற்று எழுபத்தெட்டில் வட்டிக்குப் பதினாலாயிரத்து இருநூற்றைம்பது. அசலில் கழிந்தது இரண்டாயிரத்து ஐந்நூற்றுச் சொச்சம். அந்த முதல் தவணை போன அன்று நாங்கள் கேசரி செய்து சாப்பிட்டோம்.

அடுத்து வந்ததுதான் இடி. "வட்டி ஒம்பதரையில இருந்து பதினொண்ணரைக்கு ஏறிருக்கு. தவணைய ஏத்தினா கஸ்டமருக்குக் கஷ்டமா இருக்கும்னு மாசத்தக் கூட்டிருவோம். உங்களுக்கு இன்னும் நூத்தி அறுபத்தெட்டு மாசம் இருக்கு."

நூற்று அறுபத்தெட்டை மனசுக்குள் வகுத்துப் பார்த்தேன். பதினாலு வருஷம். பத்து இருக்க வேண்டிய இடத்தில் பதினாலு.

"எங்களுக்கு யாரும் சொல்லலையே."

"லெட்டர் போட்டிருக்கோமே மேடம்."

போட்டிருந்தார்கள். பீரோவில் பட்டுப்புடவைக்கு அடியில் அத்தனை லெட்டரும் இருக்கிறது. இங்கிலீஷில் இரண்டு பக்கம். ஒவ்வொன்றையும் பிரித்து, விரலை வைத்துத் தேடி, தவணைத் தொகையை மட்டும் பார்த்திருக்கிறோம். அது மாறியிருக்காது. சரி என்று மடித்து வைத்திருக்கிறோம். அதற்குக் கீழேயே இன்னொரு எண் இருந்திருக்கிறது, பாக்கி மாதம் எத்தனை என்று. ஊரார் பீஸையெல்லாம் இரண்டு பக்கமும் போட்டுப் பார்த்த நான், என் வீட்டுக் கடனை ஒரு பக்கம் போட்டுப் பார்த்துப் பத்து வருஷமாக ஓகே போட்டிருக்கிறேன். ஊருக்குத்தான் உபதேசம். அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தபோது எனக்கு அந்தப் பெண்மேல் கோபம் வரவில்லை, என்மேல்தான் வந்தது.

கிளம்பும்போது சும்மா கேட்டேன், புதிதாகக் கடன் வாங்குகிறவர்களுக்கும் பதினொன்றரைதானா என்று. அவர்களுக்கு ஒன்பதுதானாம். "அப்ப எங்களுக்கு ஏங்க கொறைக்கல?"

"நீங்க கேக்கலையே மேடம்" என்றது. குத்தலாகச் சொல்லவில்லை, டீ வேண்டுமா என்று கேட்கிற குரலில்தான் சொன்னது. ஒரு லெட்டர் எழுதிக் கொடுத்து ஏழாயிரத்துச் சொச்சம் கட்டினால் வட்டியை ஒன்பதுக்கு மாற்றிவிடுவார்களாம். அப்படி மாற்றினால் அதே தவணையில் நூற்று முப்பத்தொரு மாதத்தில் முடியும். அங்கேயே, அந்த நிமிஷமே எழுதிக் கொடுத்தேன். அவசரத்தில் கையெழுத்து கோணிவிட்டது. இன்னொரு தாளில் மறுபடி எழுதச் சொன்னார்கள்.

கீழே டீக்கடையில் உட்கார்ந்து போனில் பெருக்கிப் பார்த்தேன். கேட்காமலே இருந்திருந்தால் பதினெட்டு லட்சத்துக்கு நாற்பத்தெட்டு லட்சம் கட்டியிருப்போம். இப்போது நாற்பத்திரண்டு. ஆறு லட்சத்தை மிச்சப்படுத்திவிட்ட சந்தோஷம் ஏன் வரவில்லை என்று யோசித்தேன். லட்சங்கள் எனக்குப் பிடிபடவில்லை. எனக்குத் தெரிந்தது ஷிஃப்ட் கணக்கு. தப்பியது மூன்று வருஷம், அதாவது ஐம்பது வாரம் சி ஷிஃப்ட். ரிட்டயரான பிறகும் எங்கேயாவது ஐம்பது வாரம் இந்த மனுஷன் ராத்திரி முழுக்க விழித்து, பகலில் காதை மேலே வைத்துப் படுக்க வேண்டியிருந்திருக்கும், ஒரு லெட்டரின் ஒரு வரியை நாங்கள் படிக்காததற்கு. டீ ஆறிப் போய்விட்டது. குடித்துவிட்டுத்தான் எழுந்தேன், காசு கொடுத்ததாயிற்றே.

அன்றிரவு அவர் வந்தபோது தூங்குவதுபோல் படுத்துக்கொண்டேன். வெள்ளிக்கிழமை காலையில் இட்லி வைத்துவிட்டுச் சொன்னேன். ஃபார்ம் டிவி ஸ்டாண்டில் பேனாவோடு இருந்தது. முழுக்க நிரப்பி, தேதியும் கையெழுத்தும் மட்டும் விட்டிருந்தார். நான் சொல்லி முடிக்கும்வரை அவர் இட்லியைப் பிய்த்துக்கொண்டே இருந்தார். ஒன்றும் வாய்க்குப் போகவில்லை.

"பதினாறுல பதினாலு அங்கியே போயிடும்னு சொல்ற."

"ஆமாங்க. ரெண்டுதான் நிக்கும்." பிறகு, ராத்திரியெல்லாம் யோசித்ததைச் சொன்னேன். "அப்பிடின்னாலும் கையெழுத்துப் போட்டுடுங்க. கடன் போனா மாசம் பதினேழாயிரம் மிச்சம்தானே? என் சம்பளம் இருக்குது. எப்பிடினா ஓட்டிக்கலாம்."

"உன் சம்பளம் காண்ட்ராக்ட் சம்பளம். நாளைக்கே வர வேணாம்னுடுவான். ரெண்டு லட்சத்துல பாப்பா காலேஜ் முடியுமா, இல்ல மேல ரூம் முடியுமா? எனக்கு இந்தக் காத வெச்சிக்கினு எவன் நல்ல வேல குடுப்பான்?" கோபமாகச் சொல்லவில்லை. ஃபார்மை நிரப்பியபோது போட்ட கணக்கைத் திருப்பிப் போடுகிற மாதிரிதான் சொன்னார். அவர் சொன்னது சரி.

பிய்த்த இட்லியை ஓரமாக ஒதுக்கிவிட்டுக் கேட்டார். "இப்ப மாத்தி எழுதிக் குடுத்தியே, அது முடியறப்ப எனக்கு என்னா வயசு?"

"அம்பத்தொம்போது."

"கம்பெனி அம்பத்தெட்டுலயே அனுப்பிடுமே."

"அந்த ஒரு வருசத்த நான் கட்டறன்."

அவர் என்னைப் பார்த்தார். அப்போது எனக்கு ஐம்பத்தைந்து நடந்துகொண்டிருக்கும். எட்டு மணி நேரம் நிற்கும் கால் இப்போதே சாயங்காலத்தில் வீங்குகிறது. இரண்டு பேருக்குமே இது தெரியும். தட்டை எடுத்துக்கொண்டு போய்க் கழுவி வைத்தார். ஒரு மணிக்கு யூனிஃபார்ம் போட்டுக்கொண்டு கிளம்பினார். டிவி ஸ்டாண்டைப் பார்த்தேன். ஃபார்ம் அங்கேயே இருந்தது. பேனாவை மட்டும் எடுத்துப் போயிருந்தார்.

அன்றைக்கு பஸ்ஸில் எல்லோரிடமும் சொல்லிவிட்டாராம், கல்லில் செதுக்கியது என்ன ஆயிற்று என்று. அவருக்கு அது லேசில்லை. பத்து வருஷம் கேலி பேசிய வாய். யாரும் சிரிக்கவில்லை என்றார். சனிக்கிழமை இரண்டு பேர் தங்கள் கடன் பேப்பரைப் போட்டோ எடுத்து அனுப்பினார்கள். ஒருவருக்கு எங்களைவிட மோசம்.

ஞாயிற்றுக்கிழமை மொட்டை மாடியில் துணி எடுக்கப் போனேன். அவர் தூண் கம்பிகளின் தலையில் புது பாட்டில்களைக் கவிழ்த்துக்கொண்டிருந்தார். மறுநாள் ஏ ஷிஃப்ட். கீழே இறங்கி வந்ததும் தன் போனை என்னிடம் நீட்டினார்.

"நாலு நாப்பதுக்கு அலாரம் வெச்சிக் குடு. அழிச்சுட்டன்."

"எப்ப அழிச்சீங்க?"

"ஃபார்ம் வாங்கின அன்னிக்கே."

கண்ணாடி போட்டுக்கொள்ளாமல் அவருக்கு அந்தச் சின்ன எழுத்துகள் தெரியாது. நான் வாங்கி நேரத்தை வைத்தேன். ஒரு நாளைக்கு மட்டுமா, தினமுமா என்று போன் கேட்டது. தினமும் என்று வைத்துக் கொடுத்தேன்.