பாரு என்றொரு மரம்

கிள்ளான் கடலோரத்தில் எனக்கு முதலில் விளங்காதது ஒரு பூ. காலையில் வேலைக்குப் போகும்போது புதரெங்கும் மஞ்சள் பூக்கள்; அடியில் சேற்றில் கிடப்பவையோ சிவப்பு. காலையில் மஞ்சளாக விரிந்து, சிவந்து, அன்றைக்கே உதிரும் பூ அது என்று தெரிய ஒரு வாரம் ஆயிற்று. இலை நம்மூர்ப் பூவரசு போலவே இருந்ததால், ஏதோ தெரிந்த முகத்தைக் கண்டதுபோல் அந்த வழியாகவே நடப்பேன்.

அப்போது நான் ஒரு தென்னந்தோட்டத்துக்குள் கடல்நீர் புகாமல் கரை போடும் ஆட்களில் ஒருவன். கரை போகும் தடத்தில் அந்தப் புதர்கள் நின்றன. வெட்டப் போனபோது பாக் லேமான் என்ற மலாய்க்காரர் குறுக்கே வந்து நின்றார். அதன் பட்டையை உரித்துத்தான் அவர் வலைக்கும் படகுக்கும் கயிறு திரித்தார். எங்கள் ஆட்களில் கொஞ்சம் மலாய் தெரிந்தவன் நான் மட்டும். இவை எத்தனை நாளாக இங்கே நிற்கின்றன என்று கேட்கச் சொன்னார் கங்காணி. கேட்டேன். என் மலாய் அவருக்கு எப்படி விளங்கியதோ, புதரைத் தொட்டுக் காட்டி, "இனி போக்கோ பாரு" என்றார்.

மற்றவர்கள், தமிழில் 'பாரு' என்கிறான் என்று சிரித்தார்கள். மலாயில் பாரு என்றால் புதிது. அது எனக்குத் தெரியும்.

"புது மரமாம் கங்காணி."

"அப்ப நாம வர்றது தெரிஞ்சே, காசு கேக்க நட்டு வச்சிருக்கான்."

கங்காணி ஓங்கிய மண்வெட்டிப் பிடி பாக் லேமானுடைய வலது முழங்கையில் இறங்கியது. எலும்பு முறிந்த சத்தம் எல்லோருக்கும் கேட்டது. அவர் இடது கையால் பாராங்கத்தியை வீசினார். கங்காணியின் காதோரம் பிளந்து ரத்தம் சட்டையில் வழிந்தது. நாங்கள் ஐந்து பேர் பாய்ந்து அவரைச் சேற்றில் அமுக்கினோம். முகத்தில் மிதித்தவர்களும் உண்டு. நான் அவர் கால்மேல் உட்கார்ந்திருந்தேன். அவர் திரித்து வைத்திருந்த கயிற்றாலேயே அவரைக் கட்டிப் போட்டோம். சாயங்காலத்துக்குள் புதர் முழுதும் விழுந்துவிட்டது.

பிறகு பிரிக்பீல்ட்ஸில் ரயில்பாதை வேலைக்கு வந்தேன். ஒருநாள் கூட வேலை செய்த மலாய்க்காரர் ஒருவர் கயிற்றில் முடிச்சுப் போடும்போது, இது என்ன நார் என்று கேட்டேன். "பாரு," என்றார். புதிதா என்றேன். சிரித்துவிட்டு, அது மரத்தின் பெயர் என்றார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை கிள்ளானுக்குப் போனேன். பாக் லேமான் வலையைப் பல்லால் கடித்துப் பிடித்து இடது கையால் முடிந்துகொண்டிருந்தார். வலது கை கோணிக் கிடந்தது. அன்று கங்காணியிடம் புது மரம் என்று நான் சொன்னது தவறு, பாரு என்பது மரத்தின் பெயர் என்று அப்போது தெரியாது என்றேன். அவர் வலையை வாயிலிருந்து எடுத்தார்.

"பூலாங்," என்றார்.

திரும்பிப் போ என்று பொருள். வீட்டுக்குப் போவதற்கும் அதே சொல், பிறந்த நாட்டுக்குப் போவதற்கும் அதே சொல். எங்கே என்று கேட்க என் மலாய்மேல் எனக்கு நம்பிக்கை இல்லை. பாதை பிரியும் இடத்தில், ஒரு பக்கம் கப்பல்துறை, ஒரு பக்கம் ரயிலடி. வெயில் சாயும்வரை அங்கேயே நின்றேன். பிறகு மறுநாள் வேலை இருந்ததால் ரயிலடிப் பக்கம் நடந்தேன்.