கோட்டுக்கு வெளிய

கொய்யாவுக்குப் பக்கத்துல கொய்யா உக்காரக் கூடாது. தெருவுல கடை போட்ட எவனையும் கேட்டுப் பாருங்க, இதத்தான் சொல்லுவான். ஒரே சரக்கு ரெண்டு வண்டி ஒட்டி நின்னா எந்நேரமும் வாய்த்தகராறுதான். வேற வேற சரக்குன்னா ஒறவு. என் கொய்யா வண்டிக்குப் பக்கத்துல பெல்ட்டு, பர்ஸ் வித்த பாய் எனக்கு அப்படி ஒறவானவரு.

ஒறவுன்னா பெருசா ஒண்ணுமில்ல. நான் ஒண்ணுக்குப் போகணும்னா, "பாத்துக்கங்க பாய், வாரேன்"னுட்டுப் போயிருவேன். வெள்ளிக்கிழமை மத்தியானம் அவரு தொழுகைக்குக் கெளம்புறப்ப, "பாத்துக்கங்கண்ணே"ம்பாரு. நான் அவரு ஸ்டூல்ல உக்காந்து பெல்ட்டு விப்பேன். மத்த நேரம் பக்கத்துல பக்கத்துல சும்மா உக்காந்திருப்போம். சம்சாரம் போன பெறகு வீட்டுல பேச்சுத்துணைக்கு ஒரு பல்லி கூட இல்ல. மகன் பெங்களூருல. எனக்குன்னு இருந்த ஆளு பாய் ஒருத்தர்தான்.

அப்பத்தான் தெருக்கடைக்காரங்களுக்கு கார்ப்பரேசன் தனி எடம் ஒதுக்குது, கார்டு தருதுன்னாங்க. நல்ல விசயந்தான், நான் கொறை சொல்லல. வெரட்ட ஆளில்லாம நிக்கலாமே. கணக்கெடுக்க ஒரு தம்பி வந்தாரு. பாயும் நானும் பிரிஞ்சிரக் கூடாது, எனக்கு அது ஒண்ணுதான் கவலை. அதுனால அந்தத் தம்பி கேக்கறதுக்குள்ள முந்திரிக்கொட்டையாட்டம் சொல்லிட்டேன்.

"தம்பி, நாங்க ரெண்டு பேரும் வேற வேற சரக்கு. நான் பழம், அவரு பெல்ட்டு. சண்டை சச்சரவே கெடையாது. நல்லா எழுதிக்கங்க."

பாயும் ஆமாமான்னு தலைய ஆட்டுனாரு. இனி நம்மள யாரும் அசைக்க முடியாது பாய்னு டீ வேற வாங்கிக் குடுத்தேன்.

அவங்க கணக்கு வேற. பழமெல்லாம் ஒரு எடம், சாமானெல்லாம் இன்னொரு எடம். எனக்கு கே.கே. நகர் பக்கம், பாய்க்கு பழங்காநத்தம். ஆபீசுல போயிக் கேட்டேன். அங்க இருந்த அம்மா தன்மையாத்தான் பேசுனாங்க. "நீங்களே வேற வேற சரக்குன்னுதானே சொல்லிருக்கீங்க ஐயா?" என் வாயே எனக்கு எமன்.

இப்ப எனக்கு ரெண்டு பக்கமும் கொய்யா, எதுத்தாப்லயும் கொய்யா. ஒருத்தன் மூஞ்சிய ஒருத்தன் பாக்குறதில்ல. பாத்தா வெலைய வேவு பாக்குறான்னு நெனைப்பு. வண்டிய யாருகிட்ட விட்டுட்டுப் போகன்னு தண்ணி குடிக்கிறதையே கொறச்சுக்கிட்டேன். பாய் போன் பண்ணுவாரு. "நல்லாருக்கீங்களாண்ணே?" "இருக்கேன் பாய்." அதுக்கு மேல பேச்சு வராது. சும்மா உக்காந்திருக்கறத போன்ல எப்படிச் செய்யறது? ஏக்கமாத்தான் இருக்கு, சொல்றதுக்கென்ன.

போன வெள்ளிக்கிழமை வண்டி போடாம பழங்காநத்தத்துக்கு பஸ் ஏறிட்டேன். பாயச் சுத்தியும் பெல்ட்டு, பர்ஸ், பெல்ட்டு, பர்ஸ். என்னயப் பாத்ததும் நல்லாருக்கீங்களான்னு கூடக் கேக்கல மனுசன். எந்திரிச்சு தொப்பியத் தேடுனாரு. "பாத்துக்கங்கண்ணே, வாரேன்." இங்க மாத்துன நாள்லருந்து ஒரு வெள்ளிக்கிழமையும் அவரு பள்ளிவாசலுக்குப் போகலையாம். ஸ்டூல்ல உக்காந்தேன். வயிறாரச் சாப்புட்ட மாதிரி இருந்துச்சு.

செத்த நேரத்துல கார்டு பாக்குறவரு வந்தாரு. என் கார்ட வாங்கித் திருப்பித் திருப்பிப் பாத்தாரு.

"நீங்க பழமாச்சே பெரியவரே. இது உங்க எடமில்லையே."

"அவரு தொழப் போயிருக்காரு. வர்ற வரைக்கும் பாத்துக்கிறேன்."

"கார்டுக்காரருதான் உக்காரணும். நீங்க பாக்குறதுன்னா கோட்டுக்கு வெளிய நின்னு பாத்துக்கங்க."

தரையில மஞ்சக் கோடு போட்டிருந்தாங்க. நான் தாண்டி வந்து நின்னேன். நல்ல வெயிலு. யாராவது பெல்ட்டத் தொட்டா அங்கருந்தே வெலை சொன்னேன். பக்கத்துக் கடைக்காரன் சிரிச்சான், சிரிச்சிட்டுப் போறான்.

பாய் திரும்பி வந்து காலி ஸ்டூலையும் பாத்தாரு, என்னயும் பாத்தாரு.

"ஏண்ணே வெளிய நிக்கிறீங்க?"

"காலு மரத்துப் போச்சு பாய்."

அவரு உள்ள உக்காந்தாரு. நான் நின்னேன். பழைய மாதிரியே ரெண்டு பேரும் ஒண்ணும் பேசல. அதுக்குள்ள ஒரு ஆளு பர்ஸ் பாக்க வந்தாரு. நான் கடைய மறைச்சுக்கிட்டு நின்னிருக்கேன். வெலகிக்கிட்டேன்.