கல்யாண கேசட்டில் ஒரு நீலச் சட்டை

மேரிசெல்விக்கு அப்பாவின் முகம் தெரியாது. மரக்காணம் உப்பளத்தில் வேலை செய்த அந்தோணிராஜ் இறந்தபோது அவள் கைக்குழந்தை. அடுத்த கோடையில் குடிசை தீப்பிடித்ததில், வீட்டிலிருந்த ஒரே போட்டோவும் போய்விட்டது.

முப்பதைத் தாண்டிய பிறகு அவரைப் பற்றிப் படம் எடுக்கத் தொடங்கினாள். பிழைப்புக்குப் புதுச்சேரியில் கல்யாண வீடியோக்கள் எடிட் செய்துகொண்டிருந்தாள். இந்தப் படத்தில் கதை கிடையாது, நடிகர் கிடையாது. உப்புப் பாத்தி, தண்ணீர், வெயில். அவற்றின்மேல் அவரோடு வேலை செய்தவர்களின் குரல்கள். நெட்டை என்றார் ஒருவர். குட்டை என்றார் இன்னொருவர். ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போவார் என்று ஒரு குரல். “அவன் எங்க சர்ச்சுக்குப் போனான்? மாரியம்மனுக்குக் கூழ் ஊத்துனா மொத ஆளா நிப்பான்” என்று அடுத்த குரல்.

முதலில் அந்த முரண் அவளுக்குப் பிடித்திருந்தது. போகப் போக எரிச்சல் வந்தது. இத்தனை பேர் கூடவே இருந்தும் அந்த மனிதனை ஒருத்தரும் சரியாகப் பார்க்கவில்லையா?

சென்னையில் ஒரு தயாரிப்பாளர் பாதிப் படம் பார்த்துவிட்டு, “உப்பளம்னா கால் வெடிப்பு, புண்ணு, அழுகை இருக்கணுமே மேடம், எங்க?” என்றார். லேப்டாப்பை மூடிக்கொண்டு பஸ் ஏறிவிட்டாள்.

அந்தச் சமயத்தில் சித்தப்பா பிரபாகரன் தன் கல்யாண கேசட்டை பரணில் கண்டெடுத்தார். “அண்ணன்தாம்மா மாப்ளத் தோழன். ஆல்பம் கரையானுக்குப் போச்சு, இதுல கண்டிப்பா இருப்பான்.”

பூஞ்சை படிந்த அந்த கேசட்டைத் துடைத்து கம்ப்யூட்டரில் ஏற்றுவதற்குள் போதும் போதுமென்றாகிவிட்டது. தேறியது சில நிமிடங்கள்தான். அம்மா ஆராயியையும் சித்தப்பாவையும் பக்கத்தில் உட்காரவைத்து, அவர்கள் பேசுவதைப் பதிவு செய்தபடியே ஓடவிட்டாள். மணமக்களுக்குப் பின்னால் நீலச் சட்டைக்காரர் ஒருவர் மெல்லத் திரும்பினார். அதே நொடியில், வீடியோக்காரர் ஆசையாகச் சேர்த்திருந்த கிராஃபிக்ஸ் தாமரைப் பூ திரை நடுவே விரிந்து முகத்தை மூடியது. பூ மறைந்தபோது அவர் அங்கே இல்லை.

“இந்தப் பூவ இங்கயா வைப்பான்!” மேசையில் ஓங்கி அறைந்தாள். தினமும் கல்யாண வீடியோக்களில் அவள் ஒட்டுவதும் அதே மாதிரிப் பூக்கள்தான்.

“அண்ணன்தான் அது. அந்தச் சட்டை என்னோடது” என்றார் சித்தப்பா.

“அவரு இல்ல” என்றாள் ஆராயி. “பந்தியில சோறு போட வந்த ஆளு.”

“எனக்குத் தெரியாதா அண்ணி?”

“என்னவிடவா உனுக்குத் தெரியும்?”

“நல்லா பாத்துச் சொல்லும்மா” என்று மறுபடி ஓட்டினாள் மேரிசெல்வி. மறுபடியும். ஆராயி எழுந்துவிட்டாள்.

“போதும்டி. நெனப்புல இருக்கறதே கொஞ்சம்தான். நீ இதக் காட்டிக் காட்டி அதையும் அழிக்கற. இனிமே அவர நெனச்சா இந்தப் பூதான் வரும். நான் பேசுனத எதுலயும் வைக்காத.”

வாரக்கணக்கில் கெஞ்சினாள், கத்தினாள், பேசாமல் இருந்து பார்த்தாள். ஆராயி அசையவில்லை. கடைசியில் அந்த கேசட் காட்சியைப் படத்தின் முடிவாக வைத்து, அம்மா பேசிய இடங்களில் குரலை வெட்டி, அங்கே வெறும் மௌனத்தை வைத்துப் படத்தை முடித்தாள்.

கேரளத்தில் ஒரு விழாவில் திரையிட்டார்கள். விளக்கு எரிந்ததும் பார்வையாளர்களில் தமிழர் ஒருவர் மைக்கை வாங்கி, “கடைசியில சவுண்ட் கட்டாயிடுச்சு, செக் பண்ணலயா?” என்று கேட்டார்.

“கட்டாகல சார். எங்க அம்மா வேணாம்னுட்டாங்க.”

அவர் புரியாமல் தலையாட்டிவிட்டு, பக்கத்தில் இருந்தவரிடம் மைக்கை நீட்டினார்.