எச்சில் ஏந்திய கை

சூளகிரி ராமப்பன் நடிகரானது தற்செயல். பக்கத்து அணைக்கட்டில் நடந்த ஒரு கன்னடப் படப்பிடிப்பை வேடிக்கை பார்க்கப் போனவரை, ஆள் போதவில்லை என்று லாரியிலிருந்து குதிக்கச் சொன்னார்கள். குதித்தார். அதன் பிறகு இருபது வருடங்களுக்கும் மேலாக பெங்களூருக்கும் சென்னைக்கும் பஸ்ஸில் அலைந்து, குடிகாரனாகவும் அடியாளாகவும் பிணமாகவும் நடித்தார். தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் பேசுவதால் வேலை தொடர்ந்து கிடைத்தது.

2005-இல் ஒரு தொலைக்காட்சித் தொடரில் ஜமீன் வீட்டு வேலைக்காரன் வேடம். படப்பிடிப்பு சூளகிரி பக்கத்திலேயே ஒரு தோட்ட பங்களாவில். ஊர் சனம் கூடிவிட்டது. அவர் மனைவி நாகம்மாவும் வந்திருந்தாள்.

இயக்குநர் மூர்த்திக்கு ராமப்பனின் மகன் வயதுதான். "அண்ணே, ஜமீன் வெத்தல எச்சிலத் துப்புவாரு. நீங்க கையில ஏந்திக்கணும்" என்றான்.

"பீட்ரூட் தண்ணிதான தம்பி?"

"ஆமாண்ணே."

ராமப்பன் குனிந்து இரண்டு கைகளையும் ஏந்தினார். விழுந்தது பீட்ரூட் தண்ணீர் இல்லை. வெதுவெதுப்பாக, நூல் விட்டுக்கொண்டு, பாக்குத் துணுக்கோடு உள்ளங்கையில் தேங்கியது. புகையிலை நாற்றம் மூக்கில் ஏறியது. மூர்த்தி கட் சொல்லவில்லை. சொன்னபோது, "மூஞ்சில பக்தி பத்தலண்ணே, ஒன்ஸ் மோர்" என்றான். ஜமீனாக நடித்தவர் வாயைத் துடைத்துக்கொண்டு, "நெசமா துப்புனாத்தான் உனக்கு நடிப்பு வரும்" என்று சிரித்தார்.

இரண்டாவது முறையும் ஏந்தினார். முடிந்ததும் குரோட்டன்ஸ் செடி மறைவில் வாந்தி எடுத்தார். கூட்டம் கை தட்டியது. நாகம்மா கிளம்பிப் போய்விட்டாள்.

வீட்டில் சோற்றைப் போட்டுவிட்டுத் தள்ளி உட்கார்ந்தாள். "எங்கப்பன் காலத்துல கவுண்டரு வூட்டுல நெசமாவே இப்பிடி ஏந்திக்கினு நின்னாங்க. அத வுட்டு வெளிய வரத்தான புள்ளைங்க கம்பெனிக்குப் போவுதுங்க. நீ மறுபடி அங்கியே போயி நிக்கறியே, த்தூ!"

சோப்புப் போட்டு எத்தனை தடவை கழுவியும் நாற்றம் போகாதது போலவே இருந்தது. அவர் அன்றைக்குச் சாப்பிடவில்லை.

அந்தக் காட்சி ஒளிபரப்பான வாரம், குந்தாரப்பள்ளி சந்தைக்குப் போனார். ஆட்டு வியாபாரி கங்கப்பன் வாய் நிறைய வெற்றிலையோடு, "ஏம்பா ராமப்பா, கொஞ்சம் கைய நீட்டு" என்று கன்னத்தை உப்பினான். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். ராமப்பன் ஓங்கி அறைந்தார். வெற்றிலைச் சாறு இருவர் சட்டையிலும் தெறித்தது. கங்கப்பன் ஆட்டுப்பட்டி வேலியில் சாய்ந்து விழுந்தான். ராமப்பனுக்கு ஆத்திரம் தீரவில்லை. கை மறுபடி ஈரமாகிவிட்டதே என்று வேட்டியில் தேய்த்துத் தேய்த்துத் துடைத்தார்.

சில நாளில் மூர்த்தி செல்போனில் அழைத்தான். "அண்ணே, துப்புற சீன் செம ஹிட்டு. சேனல்ல வாராவாரம் வைக்கச் சொல்றாங்க."

"என்னால ஆவாது."

"அப்ப கேரக்டரக் கொன்னுருவேன்."

"கொன்னுடு தம்பி. பாம்பு கடிச்சிச் சாவறதா வை. அந்த ஜமீனுக்காகச் சாவறதா மட்டும் வெக்காத."

மூர்த்தி வேண்டாம் என்றதையே வைத்தான். வேறொருவரின் முதுகைக் காட்டி, ஜமீனுக்கு வந்த குண்டைத் தாங்கி அவர் காலடியிலேயே விழுந்து செத்ததாகக் காட்டினார்கள். சுவரில் ராமப்பன் படத்துக்கு மாலை. அதன் முன்னால் நின்று ஜமீன், "என் வீட்டு நாய் போயிருச்சே" என்று கண்ணைத் துடைத்தார். வயலின் அழுதது.

"செத்தாலும் வுட மாட்டானுங்களா?" என்று நாகம்மா டிவியை அணைத்தாள்.

அதற்குப் பிறகும் ராமப்பன் நடிக்கப் போனார். ஆனால் என்ன செய்ய வேண்டும் என்று முதலில் கேட்டார். கேட்டதாலேயே கூப்பிடுகிறவர்கள் குறைந்தார்கள். "துணை நடிகனுக்கு எதுக்குய்யா இவ்ளோ கொழுப்பு?" என்றார் ஒரு படக் கம்பெனி மேனேஜர். ராமப்பன் போனை வைத்தார். பக்கத்து வீட்டிலிருந்து அந்தத் தொடரின் பாட்டு கேட்டது. எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினார்.