தானாகத் திரும்பும் கேசட்

அத்தையின் டேப் ரெக்கார்டரில் ஒரு பக்கம் பாடி முடிந்ததும் 'டக்' என்று ஒரு சத்தம் கேட்கும். கேசட்டைக் கையால் திருப்ப வேண்டாம். மறுபக்கம் தானாகவே பாடும். துபாயிலிருந்து மாமா கொண்டுவந்தது. அந்த 'டக்' சத்தம் என்றால் எனக்கு இன்றும் பயம்.

திற்பரப்புப் பக்கத்து எங்கள் கிறிஸ்தவ சபையில் ஆர்மோனியம் வாசித்தவர் அத்தை. அந்த ஆர்மோனியம்தான் அவருக்கு உயிர். வீட்டிலோ கதவைச் சாத்திக்கொண்டு, மாமா அனுப்பிய ராக் அண்ட் ரோல் பாட்டுகளைக் கேட்பார். அமெரிக்காவில் அடிமைகளாய் இருந்த கறுப்பர்களின் வழிவந்த ப்ளூஸும் ஏழை வெள்ளைக்கார விவசாயிகளின் கன்ட்ரி பாட்டும் கலந்து பிறந்தது அது என்று என்னிடம் மட்டும் சொல்வார். சபைக்கு அது பிசாசின் பாட்டு. கேட்பவர்களைச் சபையை விட்டு நீக்குவோம் என்று பேச்சு இருந்தது. நீக்கிவிட்டால் கல்யாணத்துக்குப் போதகர் வரமாட்டார். செத்தால் கல்லறைத் தோட்டத்தில் இடம் கிடையாது.

விளைச்சலில் முதல் பங்கைக் காணிக்கையாகக் கொடுக்கும் அறுப்பின் பண்டிகையன்று மைக் செட்காரரின் டேப் மக்கர் பண்ணியது. அத்தை தன்னுடையதைக் கொடுத்தார், ஒரு பக்கம் கீர்த்தனையும் மறுபக்கம் மாமா அனுப்பிய பாட்டும் பதிந்த கேசட்டோடு. கீர்த்தனைப் பக்கம் முடிந்ததும் மைக் செட்காரர் நிறுத்திவிடுவார் என்று அத்தை நினைத்தார். அவரோ தானாக நின்றுவிடும் என்று நினைத்து டீ குடிக்கப் போய்விட்டார். சனங்கள் மரச்சீனிக் கிழங்கும் வாழைக்குலையும் சுமந்து சபைக் கோவிலுக்குள் வந்துகொண்டிருந்தபோது 'டக்' கேட்டது. தென்னையில் கட்டிய குழாய் ஒலிபெருக்கியில் கிட்டார் அலறியது. தலைச்சுமையோடு எல்லோரும் அப்படியே நின்றார்கள். அத்தை என் கையை விட்டுவிட்டு மைக் செட்டைப் பார்த்து ஓடினார்.

மத்தியானமே சபைக் கமிட்டி கூடியது. மன்னிப்புக் கேள், வேறெதுவும் பேசாதே என்று அப்பா கெஞ்சினார். ஆனாலும் அத்தை பேசினார்.

“ஐயா, அடிமையா வயல்ல நிண்ணு அழுத பாட்டுதான் அதுக்க வேரு. நம்ம பாட்டன்மாரையும் வயலோட சேத்துதான வித்தாவ?”

பாட்டைக்கூட மன்னித்திருப்பார்கள், எங்கள் பாட்டன்மார் அடிமைகள் என்று நினைவூட்டியதைத்தான் மன்னிக்கவில்லை என்று இப்போது தோன்றுகிறது. அத்தையைச் சபையை விட்டு நீக்கவில்லை, ஆனால் ஆர்மோனியத்தைப் பூட்டி, சாவியை இன்னொருவரிடம் கொடுத்தார்கள். அதன்பின் எங்கள் வீட்டில் யார் வந்து கதவைத் தட்டினாலும் கமிட்டிக்காரர்களோ என்று எனக்குப் பயமாக இருந்தது.

இன்று அதே கோவிலில் பிள்ளைகள் டிரம்ஸும் எலெக்ட்ரிக் கிட்டாரும் வாசிக்கிறார்கள், போதகரே கைதட்டுகிறார். வயதான அத்தை என்னோடு இருக்கிறார். போன வாரம் அந்தப் பழைய டேப்பைத் தூசி தட்டிப் போட்டேன். கீர்த்தனை முடியப்போகும் நேரம் என்னையறியாமல் என் விரல் நிறுத்தும் பொத்தானுக்குப் போனது.

“விடு மக்கா, தன்னால திரும்பட்டு” என்றார் அத்தை.

'டக்'. கிட்டார் தொடங்கியது. இரண்டு பேரும் வாசலைப் பார்த்தோம்.