இரண்டு கோமளாக்களைத் தேடி மணமேல்குடிக்கு

பங்குனி வெயில் தொடங்கியிருந்த ஒரு சனிக்கிழமை திருச்சியிலிருந்து கிளம்பினேன். கோயில் பார்க்க இல்லை, கடல் பார்க்கவும் இல்லை. இணையக் கலைக்களஞ்சியத்தில் பெண்களைப் பற்றி எழுதும் தன்னார்வக் குழுவில் நானும் ஒருத்தி. நாடக நடிகைகள் என் பங்கு. நான் எழுதிய இரண்டு கட்டுரைகளுக்கு நீக்கல் அறிவிப்பு ஒட்டிவிட்டார்கள். ஒன்று, ராணி வேடம் போடும் ‘விராலிமலை கோமளா’. இன்னொன்று, மீசை வைத்து ராஜா வேடம் போடும் ‘ஆலங்குடி கோமளா’. அச்சில் வந்த சான்று ஆளுக்கு ஒன்றுதான் இருந்தது; விதிப்படி இரண்டு வேண்டும். திங்கட்கிழமைக்குள் கிடைக்காவிட்டால் இருவரும் காலி. நாலு மேட்ச் ஆடிய கிரிக்கெட்காரருக்கெல்லாம் பக்கம் இருக்கிறது, விடிய விடிய மேடையில் நின்றவர்களுக்கு இல்லை என்றால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஆறரை மணி பஸ்ஸில் ஏறி எட்டு மணிக்குப் புதுக்கோட்டை. இட்லி, வடை, காபி அறுபது ரூபாய். சட்னியைக் குறை சொல்ல முடியாது. அங்கிருந்து ஆலங்குடி இருபது கிலோமீட்டர் சொச்சம். டவுன் பஸ் கிடைத்தால் நமக்கு டிக்கெட் இல்லை (பெண்களுக்குச் சொல்கிறேன், ஆண்கள் சில்லறை வைத்துக்கொள்ளுங்கள்).

ஆலங்குடியில் திருவிழாக்களுக்கு நாடகம் ஏற்பாடு செய்து தரும் ஏஜென்ட் ஒருவரின் கடை இருக்கிறது. சுவர் முழுக்க நாடக நோட்டீஸ்.

“கோமளாம்மாவா? இங்கிட்டு இல்லீங்களே. மக வீட்டோட மணமேல்குடி போயி நாளாச்சு” என்றார்.

“விராலிமலை கோமளாவைத் தெரியுமாங்க?”

அவர் சிரித்தார். “அதயும் அவுககிட்டயே கேளுங்க.” மகள் வீட்டு முகவரியை மட்டும் சொன்னார். எனக்கு எரிச்சல்தான்.

அறந்தாங்கியில் பஸ் மாறி மணமேல்குடியில் இறங்கியபோது மணி ஒன்றரை. ஆட்டோவுக்கு ஐம்பது ரூபாய். கோமளாக்காவுக்கு அறுபது வயதிருக்கும். வாசலில் கருவாட்டைப் புரட்டிக்கொண்டிருந்தார். வந்த விஷயத்தைச் சொல்லி மீசைப் படத்தைக் காட்டினேன்.

“நாந்தாங்க.”

“இந்த விராலிமலை கோமளாவைத் தெரியுமாக்கா?” என்று அடுத்த படத்தைக் காட்டினேன். அவர் உற்றுப் பார்த்துவிட்டு உள்ளே குரல் கொடுத்தார். “ஏ சாந்தி, இங்க வா. இது யாருன்னு பாரு.”

மகள் சாந்தி எட்டிப் பார்த்தார். “நீதாம்மா. மீசை இல்லாம.”

இரண்டு கட்டுரைகளின் தலையிலும் ‘இவர் வேறு, அவர் வேறு, குழப்பிக்கொள்ள வேண்டாம்’ என்று நான்தான் எழுதி வைத்திருந்தேன்.

“நாடகத்துல ஊரச் சேத்துத்தான் பேரு” என்றார் கோமளாக்கா. “எந்த ஊர்ல இருக்கமோ அதத்தான் நோட்டீஸ்ல போடுவாக. கல்யாணமாகி ஆலங்குடி வந்தேன், பேரும் மாறிருச்சு. இவ பொறந்ததும் ராணி வேசத்துக்கு யாரும் கூப்புடல. சும்மா ஒக்கார முடியுமா? மீசைய ஒட்டிக்கிட்டேன்.”

“ராசாவும் இவுகதான், ராணியும் இவுகதான். எங்கப்பா பாவம், பாய விரிச்சு மொத ஆளா ஒக்காந்து கைதட்டுனதோட சரி” என்றார் சாந்தி.

சிரிப்பு அடங்கியதும் கோமளாக்கா கேட்டார். “ரெண்டயும் அழிச்சிட்டா, நான் நடிச்சதே இல்லேன்னு ஆயிருமாங்க?”

மனதுக்குள் கணக்குப் போட்டேன். ஆட்கள் ஒன்றானால் சான்றுகள் இரண்டாகும், கட்டுரை பிழைக்கும். ஆனால் அவர் வாய்ச்சொல் செல்லாது, அச்சில் வேண்டும். ஆலங்குடி கோமளா பற்றிய பழைய வார இதழ் கோவை நூலகத்தில் இருக்கிறது. குழு நண்பர் ஒருவர் படம் இருந்த பக்கத்தை மட்டும் அங்கிருந்து அனுப்பியிருந்தார். போன் செய்து, அடுத்த பக்கத்தையும் புரட்டச் சொன்னேன். சாந்தி குழம்பும் சோறும் போட்டு முடிப்பதற்குள் பதில் வந்துவிட்டது: ‘முன்பு விராலிமலை கோமளா என்ற பெயரில் ராணி வேடம் போட்டவர்.’ அந்த மீன்குழம்பைப் போல நான் எங்கும் சாப்பிட்டதில்லை.

தலைப்பில் எந்த ஊரைப் போடுவது என்று கேட்டேன்.

“ஊரு வேணாம். கோமளான்னு மட்டும் போடுங்க.”

ஞாயிறு இரவு இரண்டையும் இணைத்தேன். திங்கள் காலை அறிவிப்பை எடுத்துவிட்டார்கள்.

நாடகக் கலைஞர்களைத் தேடிப் போகிறவர்களுக்கு: நோட்டீஸில் உள்ள ஊரை நம்பி நேராக அங்கே போகாதீர்கள், முதலில் ஏஜென்டைப் பாருங்கள். அவர் சிரித்தால் ஏன் என்று விடாமல் கேளுங்கள். மணமேல்குடியிலிருந்து மாலை ஐந்துக்குள் கிளம்பிவிட்டால் பஸ்ஸுக்குத் தவிக்க வேண்டாம். இதழ்களைப் படமெடுத்தால் முன்பக்கம், பின்பக்கம் எல்லாவற்றையும் எடுங்கள். ஒரு சான்றோடு நிற்கிற பெண்கள் இன்னும் நிறையப் பேர் இருக்கிறார்கள். அவர்களில் எத்தனை பேர் உண்மையில் ஒருவரோ, தெரியவில்லை.

திங்கள் மாலை சாந்தியின் போனிலிருந்து ஒரு குரல் செய்தி வந்தது. கோமளாக்காதான், மேடைக் குரலில்: “எம் பேரப் போட்டு போன்ல தேடிப் பாத்தோங்க. இப்ப ஒரே ஆளா வாரேன்.”