மூக்கரின் கேக்

லிஃப்ட் பழுது பார்ப்பவர்கள் நடுவே அவருக்கு மூக்கர் என்று பெயர். சொந்தப் பெயர் வருகைப் பதிவேட்டில் மட்டும்தான் இருந்தது. எட்டு மாடி ஏறி மோட்டார் அறைக் கதவைத் திறந்ததுமே, விளக்கைப் போடுவதற்கு முன்பாகவே, ஒருமுறை முகர்ந்துவிட்டு, "பிரேக் காயில் போயிடுச்சுப்பா" என்பார். இல்லையென்றால் "பேரிங் காஞ்சு கிடக்கு" என்பார். மற்றவர்கள் மீட்டரை எடுத்து அளந்து பார்ப்பதற்குள் அவர் பாதித் திருகாணிகளைக் கழற்றியிருப்பார்.

வீட்டில் அவருக்குத் தெரிந்த சமையல் ஒன்றே ஒன்றுதான், சாக்லேட் கேக். மாதத்தின் முதல் ஞாயிறு மத்தியானம் சமையலறை அவருடையது. மருந்துக்கடையில் வேலை பார்க்கும் மனைவி நான்கு மணிக்கு வருவதற்குள் கேக்கும் மேல் கிரீமும் தயாராகிவிடும். கடிகாரத்தை அவர் ஏறெடுத்தும் பார்த்ததில்லை. ஓவனிலிருந்து வரும் பச்சைக் கோகோ வாசனை ஒரு கட்டத்தில் கனத்து இனிப்பாக மாறும். அந்த நொடியில் வெளியே எடுத்துவிடுவார். வெட்டினால் கத்தியில் ஈரத் துணுக்குகள் ஒட்டும். ஒருநாளும் வறண்டு போனதில்லை.

அந்த வீட்டில் மூன்றாவதாக ஒருவர் இருந்தார், மாமியார். தொலைபேசி நிலையத்தில் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். கண் மங்கியதும் மகளிடம் வந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. "ஸ்பேனர் பிடிக்கிறவனுக்கா என் பொண்ணு?" என்று கல்யாணத்தின்போது கேட்டவர். அதை இருவருமே மறக்கவில்லை. சண்டை என்று எதுவும் கிடையாது, பேச்சும் கிடையாது. ஒரே மேஜையில் உட்கார்ந்துகொண்டு, "மாப்பிள்ளைகிட்ட சொல்லு, என் ரூம்ல ஃபேன் சத்தம் போடுது" என்பார் மகளிடம். "நாளைக்குப் பாக்குறேன்னு சொல்லு" என்பார் இவர். நடுவில் அகப்பட்ட மனைவி தலையில் அடித்துக்கொள்வாள்.

அந்த வருடம் மூக்கருக்கு ஒரு வாரம் காய்ச்சல் அடித்தது. காய்ச்சல் போனது, போகும்போது வாசனையையும் கொண்டுபோய்விட்டது. சோப்பை முகர்ந்தால் கல்லை முகர்வது போலிருந்தது. காப்பி வெறும் சர்க்கரை போட்ட சுடுதண்ணீர். நாலு நாளில் சரியாகிவிடும் என்று நினைத்தார். நாலு வாரம் ஆனது. வெளியே சொல்ல வாய் வரவில்லை. மூக்கு இல்லாத மூக்கர் என்று சிரிப்பார்களே என்ற கூச்சம் பாதி, தன்னை இனி எதற்கு வைத்துக்கொள்வார்கள் என்ற பயம் மீதி.

ஒருநாள் ஒரு மோட்டார் அறையில் கன்ட்ரோல் பெட்டிக்குப் பக்கத்திலேயே குந்தி உட்கார்ந்து ஒயர்களைச் சரிபார்த்துக்கொண்டிருந்தார். கூட வேலை செய்பவன் படியேறி வந்தவன் வாசலிலேயே நின்றுவிட்டான்.

"என்னண்ணே, இப்படிக் கருகுது, உங்களுக்குத் தெரியலையா?"

அவர் முழங்காலுக்கு ஒரு சாண் தள்ளி மோட்டாரின் பிரேக் காயில் புகைந்துகொண்டிருந்தது. சட்டென்று மெயினை அணைத்தார். "ஜலதோஷம்டா" என்று சமாளித்தார்.

அதற்கு அடுத்த ஞாயிறு கேக் நாள். செய்யாமல் விட்டால் மனைவி காரணம் கேட்பாள். மாவு, கோகோ, சர்க்கரை, முட்டை, எண்ணெய், மோர் எல்லாவற்றையும் கலந்து, கடைசியில் சூடான காப்பி டிகாஷனை ஊற்றினார். கலவை எப்போதும்போல் நீர்த்து ஓடியது. தட்டை ஓவனில் வைத்துவிட்டு, பழக்க தோஷத்தில் எதிரே நின்று வாசனைக்காகக் காத்திருந்தார். நின்றுகொண்டே இருந்தார்.

"என்ன கருகுது?" என்று உள்ளேயிருந்து மாமியாரின் குரல் வந்தது.

"ஒண்ணுமில்ல அத்தை."

ஓவன் கதவைத் திறந்தபோது புகை முகத்தில் அடித்தது. கேக் ஓரமெல்லாம் கரி. மாமியார் சுவரைத் தடவிக்கொண்டு சமையலறை வாசலுக்கு வந்து நின்றார்.

"மூக்கு எப்பலேர்ந்து வேலை செய்யல?"

அவர் கருகிய தட்டை மேடையில் வைத்தார்.

"எனக்குக் கண்ணு மங்க ஆரம்பிச்சப்போ ஆறு மாசம் யார்கிட்டயும் மூச்சு விடல. தினம் காலைல பேப்பரை விரிச்சுக்கிட்டு உக்காந்திருப்பேன்."

"தெரியும். நாங்க உங்களைப் பாக்க வந்தப்போ ஒருநாள் தலைகீழாப் பிடிச்சிருந்தீங்க."

"பாத்தீங்களா? அப்ப ஏன் சொல்லல?"

"நீங்கதான் என்கிட்டப் பேச மாட்டீங்களே."

மாமியார் சிரித்துவிட்டார். அவர் சிரித்து மூக்கர் பார்த்தது அதுவே முதல் தடவை. பிறகு, "மணி என்ன?" என்றார்.

"ரெண்டேகால்."

"அவ வர நேரமிருக்கு. ஒரு நாற்காலி கொண்டாங்க."

இரண்டாவது கலவை ஓவனுக்குள் போனது. மாமியார் முன்னால் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டார். "இப்ப வெறும் முட்டை வாடைதான்... இப்ப காப்பி... பொறுங்க, கையை எடுங்க, இன்னும் பச்சையாத்தான் இருக்கு." முன்பெல்லாம் ஊருக்கு ஊர் இணைப்புக் கொடுத்த அதே நிதானம் அந்தக் குரலில் இருந்தது. அரை மணி போனது. திடீரென்று தொடையைத் தட்டி, "இப்போ! இப்போ எடுங்க!" என்றார்.

பல்குச்சியால் குத்திப் பார்த்தார். ஈரத் துணுக்கு இரண்டு ஒட்டியிருந்தது. ஆறவைத்து, வெண்ணெயும் கோகோவும் பொடித்த சர்க்கரையும் அடித்த கிரீமை மேலே பூசினார். மாமியார் விரலால் ஒரு வழி வழித்துச் சாப்பிட்டுவிட்டு, கோகோ போதவில்லை என்றார். மூக்கர் இன்னும் ஒரு கரண்டி மேலே தூவினார்.

அன்று சாயங்காலம் மனைவியிடம் தானே சொன்னார். அவளுக்குக் கோபம்தான் முதலில் வந்தது. "ஒரு மாசமா என்கிட்ட மறைச்சீங்களா? அந்த மோட்டார் ரூம்ல ஏதாவது ஆகியிருந்தா?" என்று அழுதாள். திங்கட்கிழமை மேலதிகாரியிடமும் சொன்னார். யாரும் சிரிக்கவில்லை. அதுவே அவருக்கு என்னவோபோல் இருந்தது. அன்றிலிருந்து அவரைத் தனியாக எங்கும் அனுப்புவதில்லை. மீட்டரை முதலில் எடுக்கும் பழக்கம் ஐம்பத்து நான்கு வயதில் வந்தது. பெயர் மட்டும் மாறவில்லை.

வாசனை திரும்பலாம் என்றார் டாக்டர், திரும்பாமலும் போகலாம் என்றார். ஒரு வருடம் ஓடிவிட்டது. எப்போதாவது எலுமிச்சை மட்டும் தூரத்தில் யாரோ கூப்பிடுவது போல வந்து போகும்.

முதல் ஞாயிறுகளில் இப்போது சமையலறையில் இரண்டு பேர். சண்டையும் நேரடியாகவே நடக்கிறது. மனைவிக்குத் தூது போகும் வேலை மிச்சம்.

சென்ற மாதம் மேஜையில் கேக்கைச் சாப்பிட்டுக்கொண்டே மாமியார் கேட்டார்: "மாப்பிள்ளை, உங்களுக்கு இது எப்படித்தான் இருக்கு?"

அவர் மென்று பார்த்துவிட்டுச் சொன்னார். "ஈரமா இருக்கு. மெத்துன்னு இருக்கு. இனிப்புத் தெரியுது, கொஞ்சம் கசப்பும் தெரியுது. சாக்லேட் தெரியல."

"அது போதுமா?"

"போதாது அத்தை."

"ம்" என்றார் மாமியார். தட்டைத் தேடி நீண்ட அவர் கையருகே மூக்கர் இன்னொரு துண்டை நகர்த்தி வைத்தார்.